முழங்கை வீக்கமும் நோய்க் குறியீடும்

ஒரு பொருளை அறிதலாவது, அதற்குப் பெயரிட்டு, ஒத்தவற்றோடு சேர்த்து, ஒவ்வாதவற்றினின்றும் பிரித்துக் காண்டலாகும். இலக்கண நூலார் சொற்களைத் திணையும் பாலுமாக வகுத்தமையும், தாவர நூலார் மரஞ்செடிகளைக் குடும்பங்களாக வகுத்தமையும் இது கருதியே. நோய்களும் இவ்வாறே வகுக்கப்பட்டு, ஒவ்வொன்றுக்கும் எழுத்தும் எண்ணும் கூடிய குறியீடு அளிக்கப்பட்டுள்ளது. இக்குறியீடுகளை அலுவலக எழுதுவினைஞருக்கு மட்டும் உரியவையென எண்ணுவோர் பலர். அவை பிழைபடின் நோயாளிக்கு நேருங் குறை யாது என்பதை, முழங்கை மூட்டு மீண்டும் மீண்டும் வீங்கும் நிலையை எடுத்துக்காட்டாகக் கொண்டு ஈண்டு ஆராய்வாம்.

இங்கிலாந்தில் 1839ஆம் ஆண்டு வெளிவந்த பதிவாளர் நாயகத்தின் முதல் அறிக்கையில், வில்லியம் ஃபார் என்பார், ஒரு நோய் பல பெயர்களாலும் பல நோய்கள் ஒரு பெயராலும் வழங்கப்படுங் குழப்பத்தை எடுத்துக்காட்டினார். ஜாக் பெர்ட்டிலோன் என்னும் பிரெஞ்சு அறிஞர் 1893இல் சிக்காகோ நகரில் இறப்புக் காரணங்களின் பட்டியலொன்றைச் சமர்ப்பித்தார். அதன் முதலாவது அனைத்துலகத் திருத்தம் 1900இல் பாரிஸில் நிகழ்ந்தது. உலக சுகாதார தாபனம் பொறுப்பேற்ற 1948ஆம் ஆண்டின் ஆறாந் திருத்தத்திலேயே, இறந்தோரின் காரணங்களோடு வாழ்வோரின் நோய்களும் இடம்பெற்றன. பத்தாந் திருத்தம் 1990இல் ஏற்கப்பட்டது. பதினோராந் திருத்தம் 2022 தை முதலாந் திகதி நடைமுறைக்கு வந்தது. ஐக்கிய அமெரிக்கா பத்தாந் திருத்தத்தைத் தன் தேவைக்கேற்ப விரித்து, 2015 ஒக்டோபர் முதலாந் திகதி தொடக்கம் கையாளலாயிற்று. அங்கே காப்புறுதிக் கொடுப்பனவும் இக்குறியீட்டைச் சார்ந்திருத்தலின், ஓர் இலக்கத்துக்கும் பெறுமதி உண்டு. பின்வரும் எடுத்துக்காட்டுகள் அவ்விரிவைப் பின்பற்றியன.

‘எம்’ என்னும் எழுத்து தசை, எலும்பு, மூட்டு ஆகியவற்றின் நோய்களுக்குரியது. எம் 25.4 என்பது மூட்டில் நீர்கோத்தல். அதனை அடுத்து வரும் 2 என்னும் இலக்கம் முழங்கையைச் சுட்டும். இறுதி இலக்கம் 1 ஆயின் வலம். 2 ஆயின் இடம். 9 ஆயின் எப்பக்கமெனக் கூறப்படாதது. ஆகவே எம் 25.421 என்பது வலது முழங்கை மூட்டில் நீர்கோத்தல் என விரியும்.

முழங்கையில் தோன்றும் வீக்கமெல்லாம் மூட்டு வீக்கமன்று. முழங்கையின் பின்புறத்து எலும்பு முனைக்கும் தோலுக்கும் இடையே சிறு பையொன்றுண்டு. மேசையில் முழங்கையூன்றி நெடுநேரம் படிப்போர்க்கு அது அழற்சியுற்று வீங்குதலுமுண்டு. அதனால் ஆங்கிலேயர் அதனை ‘மாணவர் முழங்கை’ என வழங்கினர். அதற்குரிய குறியீடு எம் 70.2 ஆகும். பை வீங்கினால் பெரும்பாலும் கையை நீட்ட இயலும். மூட்டினுள்ளே நீர் கோத்தால் கை முற்றாக நீளாது, அரைவாசி மடிந்தே நிற்கும். ஆதலின், எவ்விடத்து வீக்கம் என்பது முதல் வினா.

எத்தனை முறை வந்த வீக்கம் என்பது இரண்டாவது வினா. எம் 25.4 என்னும் குறியீட்டில் ‘மீண்டும்’ என்னும் பொருளுக்கு இடமில்லை. ஏறத்தாழ ஒழுங்கான கால இடைவெளியில், மிகுந்த நோவின்றி மூட்டு வீங்கிச் சில நாளில் வற்றும் நிலை, இடைவிட்டு நீர்கோத்தல் எனத் தனியே வகுக்கப்பட்டு எம் 12.4 என்னும் குறியீட்டைப் பெறும். அது முழங்காலிலேயே பெரிதும் காணப்படும். முழங்கையில் அருகியே வரும். எம் 25.4 என்பதன் கீழ் இந்நோய் அடங்காது என நூலே விலக்குகின்றது.

இதனை ஒத்த வேறொரு நோயை ஹென்ச், ரோசன்பேர்க் என்னும் அமெரிக்க வைத்தியர் இருவர் 1944இல் விரிவாக எழுதினர். நோவும் சிவப்பும் வீக்கமும் திடீரெனத் தோன்றிச் சில மணி நேரத்திலோ நாளிலோ சுவடின்றி மறையும். பின்னர் மீளவும் வரும். வந்தவழியே திரும்பியோடுதல் என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லால் அவர்கள் அதற்குப் பெயரிட்டனர். முன்னின்று படிப்பினும் பின்னின்று படிப்பினும் ஒன்றாயமையும் செய்யுளுக்கும் ஆங்கிலத்தில் அச்சொல்லே வழங்கும். திருஞானசம்பந்தர் அருளிய மாலைமாற்றுப் பதிகத்தை அறிந்தார்க்கு இப்பெயர் எளிதில் மனத்திற் பதியும். இதன் குறியீடு எம் 12.3. இந்நோயுற்றோருள் ஒரு பகுதியினர்க்குப் பின்னாளில் நிலையான முடக்குவாதம் உண்டாதலின், இதனை வேறுபடுத்தி அறிதல் இன்றியமையாதது.

காரணம் யாது என்பது மூன்றாவது வினா. ஒரு சிறுவனின் முழங்கை சிறு காயத்தாலோ, காயமின்றியோ, அடிக்கடி வீங்குகின்றது எனக் கொள்வோம். உள்ளே கோத்தது நீரன்று, குருதியே எனவும், குருதி உறைதற்கு வேண்டிய எட்டாங் காரணி பிறப்பிலேயே குறைவு எனவும் சோதனையால் தெரியுமாயின், டீ 66 என்னும் குருதி நோய்க் குறியீடே முதலில் எழுதப்படும்; அதனால் மூட்டுக் கெட்டமையைக் குறிக்கும் எம் 36.2 அதன்பின் வரும். காரணம் தெளிந்தவிடத்து அறிகுறி பின்னிற்றல் முறை. அச்சிறுவன் ஐந்துமுறை வந்தும் ஐந்துமுறையும் ‘நீர்கோத்தல்’ என்றே எழுதப்படின், ஏட்டில் ஐந்து தனி வீக்கங்கள் இருக்கும். ஒரு நோய் இராது. மூட்டோ ஒவ்வொரு குருதிக் கசிவாலும் தேய்ந்துகொண்டே போகும்.

ஐயத்தைத் துணிபாக எழுதுதலும் குற்றமே. அமெரிக்க விதிப்படி, வெளிநோயாளர்க்கு ‘இருக்கலாம்’ என ஐயுற்ற நோயைக் குறியிடலாகாது. அறிந்த அறிகுறியையே குறியிடல் வேண்டும்.

எனவே குறியீட்டின் உண்மை வைத்தியர் எழுதும் குறிப்பின் உண்மையைப் பொறுத்தது. எப்பக்கம், எவ்விடம், எத்தனை முறை, எவ்வளவு இடைவெளியில் என்பவற்றை வைத்தியர் எழுதாதுவிடின், குறியிடுவோர் அவற்றைத் தாமாகச் சேர்த்தல் தகாது. வைத்தியரோ நோயாளி கூறாததை எழுதார். வீக்கம் வந்த நாளையும் வற்றிய நாளையும் குறித்துவைத்துக் கூறும் நோயாளியும், அதனைப் பொறுமையோடு கேட்டெழுதும் வைத்தியரும், எழுதியதை வழுவாது எண்ணாக்கும் வினைஞரும் ஆகிய மூவரும் கூடியே ஒரு குறியீட்டை மெய்யாக்குகின்றனர். ‘மீண்டும்’ என்னும் ஒரு சொல் விடுபடாது எழுதப்படின், ஒரு மூட்டுக் காக்கப்படுதல் கூடும்.