682 கி.மீ. ஓடும் மின்சார கார்: பள்ளிப்பட்டில் இருந்து கணக்குப் போட்டால் என்ன வரும்?

“வண்டி நல்லாத்தான் இருக்கு. ஆனா, நடுவழியில சார்ஜ் தீர்ந்து நின்னுட்டா என்ன பண்றது?”

மின்சார கார் பற்றிப் பேச்சு எழுந்தாலே வரும் முதல் கேள்வி இதுதான். சென்னையில் இருப்பவருக்கு இது வெறும் சந்தேகம். ஆந்திர எல்லையை ஒட்டிய பள்ளிப்பட்டில் இருப்பவருக்கோ தினசரிக் கவலை. திருத்தணிக்குப் போகவே முப்பது கிலோமீட்டருக்கு மேல். சென்னைக்குப் போய் வந்தால் சுமார் 240 கிலோமீட்டர். இந்தப் பக்கம் நகரி, புத்தூர், திருப்பதி. வழியில் சார்ஜிங் நிலையம் இருக்கிறதா என்று பார்த்துத்தான் கிளம்ப வேண்டும்.

அப்படியானால் புது மாடல் அறிமுக விழாவில் மேடையில் சொல்லப்படும் எண்களை நம்மூர்க்காரர் எப்படி எடுத்துக்கொள்வது? தமிழ்நாட்டிலேயே உருவாக்கப்பட்ட இரண்டு கார்களை வைத்துப் பார்ப்போம்.

எங்கே உருவான கார்கள் இவை?

மஹிந்திரா நிறுவனம் 2024 நவம்பர் 26 அன்று சென்னையில் நடந்த விழாவில் பிஇ 6இ, எக்ஸ்இவி 9இ என்ற இரண்டு மின்சார எஸ்யூவி-களை அறிமுகப்படுத்தியது. பெயரில் இருந்த ‘6இ’ தொடர்பாக இண்டிகோ விமான நிறுவனம் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனதால், முதல் கார் ‘பிஇ 6’ ஆனது.

கார்கள் தயாராவது மகாராஷ்டிரத்தின் சாக்கன் ஆலையில். ஆனால், பொறியியல் வேலையின் மையம் செங்கல்பட்டு அருகே மஹிந்திரா வேர்ல்டு சிட்டியில் உள்ள ஆராய்ச்சி மையம். ஓட்டிப் பார்க்கும் சோதனைத் தடம் செய்யாறு பக்கம் 454 ஏக்கரில் இருக்கிறது.

ஒரே நாளில் வந்துவிட்டதா?

இல்லை. பெங்களூருவில் பிறந்த ‘ரேவா’ என்ற குட்டி மின்சார கார் நினைவிருக்கிறதா? அந்த நிறுவனத்தை 2010-ல் மஹிந்திரா வாங்கியது. 2013-ல் இ2ஓ வந்தது, பெரிதாகப் போகவில்லை. 2023-ல் எக்ஸ்யூவி 400 வந்தது. அது பெட்ரோல், டீசல் காராக இருந்த எக்ஸ்யூவி 300-ஐ அடிப்படையாகக் கொண்டு மின்சாரத்துக்கு மாற்றப்பட்டது.

இந்த முறையில் ஒரு சிக்கல் உண்டு. எஞ்சினுக்கும் பெட்ரோல் டேங்குக்கும் போட்ட சட்டகத்தில் பேட்டரிக்கு இடம் தேட வேண்டும். புதிய இரண்டு கார்களும் ‘இங்லோ’ எனும் மின்சாரத்துக்கென்றே வரைந்த அடித்தளத்தில் வந்தவை. பேட்டரி தரையோடு தரையாகப் பரவியிருக்கும். அதனால்தான் 59 அல்லது 79 யூனிட் மின்சாரத்தைச் சேமிக்கும் பெரிய பேட்டரியைப் பொருத்த முடிந்தது. ஒரே அடித்தளத்தில் அடுத்தடுத்த மாடல்களும் சீக்கிரம் வரும். ஏழு பேர் அமரும் எக்ஸ்இவி 9எஸ் 2025 நவம்பரில் வந்தது அப்படித்தான்.

682 கி.மீ. என்ற எண் எப்படி வந்தது?

பெரிய பேட்டரி கொண்ட பிஇ 6-க்குச் சொல்லப்பட்ட தூரம் 682 கி.மீ.; எக்ஸ்இவி 9இ-க்கு 656 கி.மீ. இவை பொய் இல்லை. ஆனால், இவை சாலையில் ஓட்டி எடுத்தவையும் இல்லை.

எம்ஐடிசி என்ற இந்தியச் சோதனை முறையில், காரை உருளைகள் மேல் நிறுத்தி, முன்பே வகுத்த வேகத்தில் ஓட்டுவார்கள். நகர ஓட்டத்துக்கு ஒரு பகுதி, நெடுஞ்சாலை ஓட்டத்துக்கு ஒரு பகுதி. இரண்டாவதில்கூட உச்ச வேகம் மணிக்கு 90 கி.மீ.தான். மேடு, எதிர்க்காற்று, கோடை வெயிலில் முழு ஏசி, ஐந்து பேர், டிக்கி நிறைய மூட்டை எதுவும் அங்கே கிடையாது. எல்லாக் கார்களையும் ஒரே தராசில் நிறுத்துப் பார்க்கத்தான் இந்தச் சோதனை. நம் பயணத்துக்கு அது உத்தரவாதம் ஆகாது.

சரி, நம்ம ஊர்க் கணக்கு?

682-ஐ 79-ஆல் வகுத்தால் யூனிட்டுக்கு 8.6 கி.மீ. வருகிறது. இதைக் குறைத்து 6 கி.மீ. என்று வைத்துக்கொள்வோம். பேட்டரியைக் காலியாகும்வரை ஓட்டவும் கூடாது. 15 சதவீதத்தை விட்டுவிடுவோம்.

* 79 யூனிட் பேட்டரி: சுமார் 400 கி.மீ.
* 59 யூனிட் பேட்டரி: சுமார் 300 கி.மீ.

ஆக, வீட்டில் முழு சார்ஜ் போட்டுக் கிளம்பினால் சின்ன பேட்டரியிலேயே சென்னைக்குப் போய்த் திரும்பிவிடலாம். நகருக்குள் நாலு இடம் சுற்ற வேண்டியிருந்தால்தான் கொஞ்சம் யோசிக்க வேண்டும். திருப்பதிக்குப் போய் வருவது பெரிய விஷயமே இல்லை. திருமலை ஏறும்போது மின்சாரம் கூடுதலாகச் செலவாகும். இறங்கும்போது அதில் ஒரு பகுதி பேட்டரிக்கே திரும்பும்.

உண்மையான கேள்வி ‘எவ்வளவு தூரம் ஓடும்?’ என்பதல்ல, ‘ராத்திரி வீட்டில் சார்ஜ் ஏறுமா?’ என்பதுதான்.

வீட்டில் என்ன பார்க்க வேண்டும்?

7.2 கிலோவாட் சார்ஜரில் 59 யூனிட் பேட்டரி நிரம்ப ஏறத்தாழ ஒன்பது மணி நேரம் ஆகும். 79 யூனிட்டுக்குப் பன்னிரண்டு மணி நேரம். 20 நிமிடத்தில் 20-லிருந்து 80 சதவீதம் என்று விளம்பரத்தில் சொல்வது 175 கிலோவாட் அதிவேக சார்ஜரில் மட்டுமே நடக்கும்.

வீட்டு இணைப்பின் அனுமதிக்கப்பட்ட மின்பளு போதாவிட்டால் மின்வாரியத்தில் விண்ணப்பித்து உயர்த்த வேண்டும். எர்த் சரியாக இருக்கிறதா என்று எலக்ட்ரீஷியனை வைத்துப் பார்க்க வேண்டும். லோ வோல்டேஜ் பிரச்சினை உள்ள தெருவில் முதலில் அதைத்தான் தீர்க்க வேண்டும். விசைத்தறி, விவசாய இணைப்புகள் சலுகையோடு வருபவை. அதிலிருந்து காருக்கு வயர் இழுப்பது சிக்கலில் முடியும்.

மாதம் 1,000 கி.மீ. ஓட்டினால் இரண்டு மாத மின்கட்டண ரசீதில் சுமார் 330 யூனிட் கூடும். பயன்பாடு கூடக் கூட யூனிட் விலையும் ஏறும் என்பதால், இப்போதைய ரசீதைக் கையில் வைத்துக்கொண்டு கணக்குப் போடுவது நல்லது.

அறிமுக விலையில் கார் கிடைத்ததா?

பிஇ 6 ஆரம்ப விலை ரூ.18.90 லட்சம், எக்ஸ்இவி 9இ ரூ.21.90 லட்சம் என்றுதான் தலைப்புச் செய்திகள் வந்தன. இவை எக்ஸ்-ஷோரூம் விலை; சார்ஜருக்குத் தனிக் காசு. 2025 பிப்ரவரி 14-ல் முன்பதிவு தொடங்கிய முதல் நாளே 30,179 பேர் பதிவு செய்தனர். ஆனால், மார்ச்சில் முதலில் வெளியே வந்தவை உயர்ரக கார்கள். அவற்றின் விலை ரூ.26.90 லட்சம், ரூ.30.50 லட்சம். ஆரம்ப விலை மாடலுக்கு நிறுவனம் சொன்ன டெலிவரி மாதம் ஆகஸ்ட். தலைப்பில் படித்த விலை கைக்கு வர அரை ஆண்டு காத்திருக்க வேண்டும்.

முன்பதிவுக்கு முன் கேளுங்கள்

ஸ்ரீபெரும்புதூரில் தயாராகும் ஹூண்டாய் கிரெட்டா எலெக்ட்ரிக், 2025 ஆகஸ்டில் திறக்கப்பட்ட தூத்துக்குடி ஆலையின் வின்ஃபாஸ்ட் கார்கள் என்று போட்டி கூடிவிட்டது. எந்த கம்பெனி என்றாலும் கேள்விகள் இவைதான்:

* ஏசி போட்டு, குடும்பத்தோடு நெடுஞ்சாலையில் போனால் எத்தனை கி.மீ.? டெஸ்ட் டிரைவை ஷோரூம் தெருவோடு முடித்துக்கொள்ளாமல் நம்ம ஊர்ப் பக்கம் கொண்டுவரச் சொல்லுங்கள்.
* அறிவித்த விலையில் உள்ள மாடல் எந்த மாதம் கைக்கு வரும்?
* பேட்டரி வாரண்டி எவ்வளவு காலம்? காரை விற்றால் அது தொடருமா? (மஹிந்திராவின் வாழ்நாள் வாரண்டி முதல் தனிநபர் உரிமையாளருக்கு மட்டுமே.)
* உயர் அழுத்த மின்சாரப் பகுதியைப் பழுதுபார்க்கும் பயிற்சி பெற்ற சர்வீஸ் சென்டர் நமக்கு எவ்வளவு தூரம்?

கடைசிக் கேள்வியைப் பலரும் கேட்பதே இல்லை. சார்ஜ் தீர்ந்தால் பக்கத்து ஊரில் போட்டுக்கொள்ளலாம். கோளாறு வந்தால் காரை லாரியில் ஏற்றி அனுப்ப வேண்டிய தூரம்தான் சின்ன ஊர்க்காரருக்கு உண்மையான தூரம்.