சுதந்திர காலத்து வீடுகள்

பெட்டாலிங் ஜெயா பழைய நகரிலோ கிள்ளானிலோ 1950, 60-களில் கட்டிய வீடுகளைப் பார்த்திருப்பீர்கள். நீண்டு இறங்கும் கூரை, அடுக்கடுக்கான கண்ணாடிப் பட்டை ஜன்னல், சமையலறைச் சுவரில் ஓட்டைக் கற்கள். "பழைய வீடுதானே, இதில் என்ன இருக்கிறது?" என்று கடந்து போய்விடுகிறோம். இருக்கிறது என்கிறார்கள் கட்டட வரலாற்றை ஆராய்கிறவர்கள்.

அவர்களில் ஒருவர் லாய் சீ கியென். 1957 முதல் 1966 வரை கோலாலம்பூரில் எழுந்த கட்டடங்களைப் பற்றி அவர் எழுதிய 'பில்டிங் மெர்டேக்கா' என்ற நூல் 2007-இல் வெளிவந்தது. பிறகு ஆங் சீ சியோங் என்பவருடன் சேர்ந்து, அக்காலத்துக் கட்டடக் கலைஞர்களையும் பொறியாளர்களையும் ஓவியர்களையும் கேள்வி கேட்டுத் தொகுத்த நூல் 2018-இல் வந்தது. முதியவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதி வைத்தார்களே, அதுதான் பெரிய காரியம்.

வெயிலை வென்ற விதம்

1963-இல் திறக்கப்பட்ட நம் நாடாளுமன்றக் கட்டடத்தைப் பாருங்கள். அதன் கோபுரம் அன்னாசிப் பழத்தின் தோலைப் போர்த்தியது போல் இருக்கும். அது வெறும் அலங்காரம் அல்ல. வெயிலைத் தடுத்து, வெளிச்சத்தை மட்டும் உள்ளே விடும் திரை அது. சமையலறைச் சுவரின் ஓட்டைக் கற்கள் செய்வதும் ஏறக்குறைய அதே வேலைதான்: புகை வெளியே போகும், காற்று உள்ளே வரும், சாரல் அவ்வளவாக அடிக்காது. நீண்ட கூரை சுவரில் வெயில் படாமல் காக்கும். குளிர்சாதனம் இல்லாத காலத்தில் வீட்டைக் குளிர்ச்சியாக வைத்தவை இவையே.

பால்மரம் நின்ற மண்

பெட்டாலிங் ஜெயா எங்கே எழுந்தது தெரியுமா? எஃபிங்ஹாம் என்ற 1,200 ஏக்கர் ரப்பர் தோட்டத்தில்! கோலாலம்பூரின் வீட்டு நெருக்கடியைத் தீர்க்க 1950-களின் தொடக்கத்தில் அங்கே வீடுகள் கட்டத் தொடங்கினார்கள். நாம் 'பி.ஜே.' என்று சொல்லும் மாநகரத்தின் அடியில் இருப்பது தோட்டத்து மண்.

ஆனால் அந்தக் காலத்தின் அடையாளங்கள் மறைந்து வருகின்றன. பெக்கெலிலிங் சாலையில் 1960-களில் எழுந்த 17 மாடிக் குடியிருப்புகள் இன்று இல்லை. அதற்கும் முந்திய, பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே தொழிலாளர்கள் வாழ்ந்த 'ஹண்ட்ரட் குவார்ட்டர்ஸ்' வீடுகளும் இடிந்துபோயின. அவற்றையாவது படம் எடுத்தார்கள், எழுதினார்கள். நம் லயத்து வீடுகளுக்கு யார் இருக்கிறார்கள்? தோட்டம் விற்கப்பட்டால் லயமும் போகும், கோயிலடியும் போகும். அங்கே யார், எப்படி வாழ்ந்தார்கள் என்று சொல்ல ஒரு தாள்கூட மிஞ்சாது.

ஆகவே பெற்றோர்களே, அடுத்த பள்ளி விடுமுறையில் பிள்ளைகளிடம் ஒரு நோட்டுப் புத்தகத்தைக் கொடுங்கள். தாத்தா பாட்டியிடம் கேட்கச் சொல்லுங்கள்: லயத்தில் எத்தனை கதவு? தண்ணீர்க் குழாய் எங்கே இருந்தது? மின்சாரம் எப்போது வந்தது? எந்தச் சுவர் எப்போது எழும்பியது? வீட்டின் படத்தையும் வரையட்டும், பக்கத்தில் தேதியும் போடட்டும்.

வரலாறு எழுதப் பெரிய பட்டம் வேண்டியதில்லை. கேட்கக் காது வேண்டும், எழுதக் கை வேண்டும். சொல்லத் தெரிந்தவர்கள் இன்றும் நம் வீட்டுத் திண்ணையில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.