சித்தூர் வீட்டுப் பெட்டிகளில் என்ன இருக்கிறது?

காந்தியின் வாழ்க்கையை ஆவணப்படமாக்க வேண்டும் என்ற எண்ணம் ஏ.கே. செட்டியாருக்கு 1937-இல், அமெரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போகும்போது வந்தது. கோட்டையூர்க்காரர், டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை படித்தவர். அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. போர் மேகம் சூழ்ந்த அந்த நாட்களில் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். முப்பது ஆண்டுகளாக யார் யாரோ எடுத்துவைத்த 50,000 அடிச் சுருளைத் தேடிச் சேர்த்து, அதை 12,000 அடிப் படமாகத் தொகுத்தார். 1940 ஆகஸ்டில் சென்னையில் தமிழில் திரையிட்டார். தெலுங்கிலும் அந்தப் படம் பேசியது.

எடுத்த படத்தைவிடத் தேடிய தேடல்தான் அவருடைய பெரிய சாதனை என்பேன். 1943 முதல் அவர் நடத்திய ‘குமரி மலர்’ இதழிலும் அதே வேலைதான்: பழைய பத்திரிகைகளில் புதைந்து கிடந்ததை எடுத்து அச்சேற்றுவது. அப்படிப்பட்டவரின் படமே பிற்பாடு காணாமல் போனது. பல பத்தாண்டுகள் கழித்து வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுத்தது, சுருக்கப்பட்ட ஆங்கில வடிவத்தைத்தான்.

தமிழக எல்லையை ஒட்டிய ஆந்திரத்தின் சித்தூரையும் திருப்பதியையும் நினைத்தால், அங்குள்ள பழைய படங்களும் இப்படிக் காணாமல் போகுமோ என்பதே என் கவலை. செட்டியார் பிறந்த 1911-இல்தான் சித்தூர் மாவட்டமும் பிறந்தது. தமிழகத்தின் வடக்கெல்லைக்காக ம.பொ.சி. நடத்திய போராட்டத்துக்குப் பின், 1960 ஏப்ரலில் திருத்தணி சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. 2022-இல் திருப்பதி தனி மாவட்டமானது. எல்லைக்கோடு மாறியதெல்லாம் அரசிதழில் இருக்கிறது. அந்தப் போராட்ட ஊர்வலத்தில் போனவர் முகமும் கடைத்தெருப் பலகையில் இருந்த எழுத்தும் எங்கே இருக்கின்றன? இரண்டு மாநிலத்தின் பழங்கதை இது என்பதால், என்னுடையது என்று தேடிப்போக எந்தப் பக்கமும் ஆள் குறைவு.

கைபேசிக் காலத்தில் எதுவும் அழியாது என்பார்கள். இன்றைக்கு நடப்பதற்கு அது சரியாக இருக்கலாம். அன்றைய நைட்ரேட் சுருளோ எளிதில் தீப்பிடிக்கும்; வெக்கையில் பிசுபிசுத்து, கடைசியில் பழுப்புப் பொடியாகக் கொட்டும். அதற்குப் பின் வந்த சுருள்களும் கெடத் தொடங்கினால் டப்பாவைத் திறந்ததும் காடி நெடி மூக்கில் ஏறும். அந்த நிலைக்கு வந்ததை முழுதாக மீட்க முடியாது.

நகரி, புத்தூர், சத்தியவேடு, குப்பம் பக்கத்து வாசகர்களே, வீட்டை இடிக்கும் முன் டிரங்குப் பெட்டியைத் திறந்து பாருங்கள். படச்சுருளோ கண்ணாடி நெகட்டிவோ கிடைத்தால் பழைய சாமான்காரரிடம் போட்டுவிடாதீர்கள். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. அதற்கு வித்திட்ட சேகரிப்பாளரும் கோட்டையூர்க்காரர்தான். நூலகத்தாரிடம் கேளுங்கள். புகைப்படமானால், அதில் நிற்பவர்களை அடையாளம் சொல்லத் தெரிந்த பாட்டி இருக்கும்போதே கேட்டு, பின்பக்கம் பென்சிலால் பெயரும் ஊரும் எழுதிவையுங்கள்.