போதும் என்று சொல்பவர்

குத்துச் சண்டை மேடையில் மூவர் நிற்கின்றனர். அடிப்பவர் இருவர், அடியை நிறுத்த வேண்டியவர் ஒருவர். அவரே நடுவர்.

1962 மார்ச் 24 அன்று நியூயார்க்கில் எமில் கிரிஃபித்தோடு மோதிய பென்னி பாரெட், பன்னிரண்டாம் சுற்றில் கயிற்றில் சாய்ந்து, கை தூக்கவும் இயலாத நிலையில் அடிமேல் அடிபட்டார். நடுவர் ரூபி கோல்ட்ஸ்டீன் இடைபுகுந்து நிறுத்தினார். ஆயினும் காலம் கடந்துவிட்டது. பத்து நாளில் பாரெட் உயிர் நீத்தார்.

இத்தகைய பொறுப்பை ஏற்றவர்களுள் ஒருவர் லாரி ஹசார்ட். நியூ ஜெர்ஸி மாநிலத்து நியூவார்க் நகரினர். இளமையில் தாமே கையுறை அணிந்து பொருதவர். பின்னர்ப் பள்ளியாசிரியராகப் பணிபுரிந்தார். 1978இல் தொழில்முறைப் போட்டிகளின் நடுவரானார். 1985 முதல் 2007 வரை அம்மாநிலத்தின் குத்துச் சண்டை ஆணையராக விளங்கினார். 2014இல் மீண்டும் அப்பதவியை ஏற்றார்.

நடுவர் காப்பது ஒரு மேடையை. ஆணையர் காக்க வேண்டுவன மாநிலத்து மேடைகள் அனைத்தும். வீரர்க்கு உரிமம் வழங்குதல், மருத்துவச் சோதனை செய்வித்தல், தக்க நடுவரை அமர்த்துதல், அடிபட்டு வீழ்ந்தவர் குறித்த காலம் ஓய்ந்திருக்கச் செய்தல் ஆகியவை ஆணையத்தின் கடமைகள்.

கூட்டம் மேலும் மேலும் எனக் கூவும். வீரனோ தோல்வியை ஒப்பான். அவ்வேளையில் பழிக்கு அஞ்சாது ‘போதும்’ என்பவரே ஓர் உயிரைக் காக்கிறார்.