வியாபாரி கழித்த பீச் பழத்தில் வீட்டிலேயே ‘பை’!

கேள்வி-பதில் பகுதிக்கு வந்த கடிதம் ஒன்றை ஆசிரியர் குழுவினர் என்னிடம் அனுப்பியிருந்தார்கள். கோத்தகிரி பக்கத்திலிருந்து ஒரு சகோதரி எழுதியது. தேயிலைத் தோட்டத்தின் ஓரத்தில், மாமனார் காலத்தில் வைத்த 14 பீச் மரங்கள் இருக்கின்றனவாம். ‘வியாபாரி கூடையில் கையை விட்டு அழுத்திப் பார்த்து, பாதியைக் கழித்துவிடுகிறார். மரத்தையெல்லாம் வெட்டிவிட்டு அங்கேயும் தேயிலை வைத்துவிடலாம் என்கிறார் வீட்டுக்காரர். கழித்த பழத்தில் மகள் சொன்னபடி பீச் பை செய்து பார்த்தேன். மேலே நன்றாகச் சிவந்திருந்தது. வெட்டினால், அடி மாவு களி மாதிரி இருந்தது. என்ன தப்பு செய்தேன்? இதைச் சரியாகச் செய்தால் பக்கத்தில் இருக்கும் ஹோம் ஸ்டேக்களுக்குக் கொடுக்க முடியுமா?’

நான்கு வரியில் பதில் சொல்லி முடித்திருக்கலாம். ஆனால், அதே களியை நானும் கிண்டியவன் என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

சமவெளி வாசகர்களுக்காக ஒரு வார்த்தை. ‘பை’ என்றதும் மஞ்சள் பை ஞாபகம் வரும். இது வேறு. மைதாவும் வெண்ணெயும் சேர்த்துத் தேய்த்த மாவுக்குள் பழத்தை வைத்து, மூடிச் சுடுகிற பண்டம். இங்கிலாந்தில் இறைச்சியை வைத்தும் ஆப்பிளை வைத்தும் செய்வார்கள். பீச் வைத்துச் செய்வது அமெரிக்கத் தோட்ட வீடுகளில் பெரிய வழக்கம். அங்கே ஜார்ஜியா மாநிலத்துக்குச் செல்லப் பெயரே ‘பீச் மாநிலம்’. 1870-களில் அங்கே ஒரு விவசாயி தேர்ந்தெடுத்த ரகத்துக்குத் தன் மனைவியின் பெயரான ‘எல்பர்ட்டா’வையே வைத்தார். தூரத்து ஊர்களுக்கு ரயிலில் அனுப்பத் தாங்கும் ரகம் என்று அது பேர் வாங்கியது. அனுப்பத் தாங்காத கனிந்த பழம் வீட்டு அடுப்புக்குப் போனது. கெட்டிப் பழம் சந்தைக்கு, கனிந்த பழம் சமையல்கட்டுக்கு என்பது அங்கேயும் அதே கதைதான்.

பீச்சின் தாயகம் சீனா. நம் மலைகளில் இங்கிலீஷ் காய்கறிகளும் குளிர் நாட்டுப் பழங்களும் வேரூன்றியது, சல்லிவன் காலத்துக்குப் பிறகு வெள்ளைக்காரர்கள் குடியேறி வீட்டுத் தோட்டம் போட்டதில் இருந்துதான். பாடப் புத்தகத்தில் இதைக் ‘குழிப்பேரி’ என்று எழுதியிருப்பார்கள். அந்தப் பெயரைச் சொல்லிச் சந்தையில் ஒருவரும் கேட்டு நான் பார்த்ததில்லை. நீலகிரியிலும் கொடைக்கானலிலும் சித்திரைக் கடைசியில் வரத்து ஆரம்பித்து, தென்மேற்குப் பருவமழை பிடிக்கும்வரை இருக்கும். மே மாதத்தில் குன்னூர் சிம்ஸ் பூங்காவில் பழக்கண்காட்சி நடக்கும்போது, வீட்டு வாசலில் கூடை வைத்து விற்பதையும் பார்க்கலாம்.

எந்தப் பழம் பைக்கு ஆகும்?

வியாபாரி கழிக்கும் பழம் மூன்று வகை. மூன்றையும் ஒரே கூடையில் போடுவதுதான் முதல் தவறு.

முழுக்கக் கனிந்து, தொட்டால் அமுங்குவது ஒன்று. அவர் மேட்டுப்பாளையம் தாண்டி ஏற்றி அனுப்ப வேண்டியவர்; அவருக்கு அது ஆகாது. பைக்கு இதைவிடச் சிறந்த பழம் கிடையாது. பறிக்கும்போது விழுந்து ஒரு பக்கம் அடிபட்டது இரண்டாவது. அன்றைக்கே அடிபட்ட இடத்தைச் சீவி எடுத்துவிட்டால் இதுவும் ஆகும். மறுநாள் வரை வைத்தால் புளித்த வாடை வந்துவிடும்.

மூன்றாவது, பழ ஈ குத்தியது. தோலில் ஊசி முனை அளவு துளை இருக்கும், அதிலிருந்து பிசின் மாதிரி கசியும். வெட்டினால் பழுப்புக் கோடு கொட்டை வரை போகும். இதைச் சீவிப் பயன்படுத்தலாமா என்று கேட்காதீர்கள். குழி தோண்டி ஆழமாகப் புதையுங்கள். மரத்தடியில் அப்படியே விட்டால் புழு மண்ணுக்குள் போய்க் கூட்டுப்புழுவாகி, ஈயாகத் திரும்ப வரும்.

களி ஏன் ஆனது?

பீச் பழத்தின் சதையில் நூற்றுக்கு எண்பத்தெட்டு, எண்பத்தொன்பது பங்கு தண்ணீர். ஒரு கிலோ சதையை மாவுக்குள் வைக்கிறீர்கள் என்றால், ஏறக்குறைய முக்கால் லிட்டருக்கு மேல் தண்ணீரை வைக்கிறீர்கள் என்று அர்த்தம். மாங்காய்த் துண்டில் உப்பைப் போட்டு ஜாடியில் மூடி வைத்தால், மறுநாள் நீர் விட்டு நிற்கும் அல்லவா? சர்க்கரையும் பழத்தை அப்படித்தான் செய்யும். சர்க்கரை கலந்த பழத்தை நேராக மாவில் கொட்டிச் சுட்டால், மாவு வேகும் முன்பே அடியில் சாறு தேங்கிவிடும். பிறகு எவ்வளவு நேரம் சுட்டாலும் அது சுடுவதாகாது, அவிப்பதுதான்.

மலையில் பணியில் இருந்தபோது என் மனைவியும் நானும் ஒரு ஞாயிற்றுக்கிழமை செய்த முதல் பை இப்படித்தான் ஆனது. வந்திருந்த விருந்தாளிகளுக்குக் கரண்டியில் அள்ளிக் கிண்ணத்தில் கொடுத்தோம். குன்னூர் பக்கம் ஒரு எஸ்டேட் பங்களாவில் வெகுகாலம் பட்லராக வேலை பார்த்த பெரியவர் ஒருவரிடம் பிறகு இதைச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு, “சார், சாறு போறதுக்கு மேல வழி விடணும். நீங்க விடலேன்னா அது கீழதானே வழி தேடும்?” என்றார். சாற்றைத் தனியே வடித்துச் சுண்டவைத்துச் சேர்க்கும் முறையை அவர் வீட்டு அடுப்படியில்தான் கற்றுக்கொண்டேன். கீழே கொடுத்திருப்பது அந்த முறைதான். அளவுகளை மட்டும் கிராமில் மாற்றியிருக்கிறேன். அவர் எல்லாவற்றையும் கைப்பிடியில்தான் சொல்வார்.

மாவு

ஒன்பது அங்குலத் தட்டு ஒன்றுக்கு மைதா 320 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 200 கிராம், உப்பு ஒரு சிட்டிகைக்குச் சற்று மேல், சர்க்கரை ஒரு ஸ்பூன், ஐஸ் போட்ட தண்ணீர் 80 முதல் 100 மில்லி. வீட்டில் கடைந்த வெண்ணெயானால் நீரை நன்றாகப் பிழிந்து, குளிரவைத்து எடுங்கள்.

வெண்ணெயைச் சிறு துண்டுகளாக வெட்டி மைதாவில் போட்டு, விரல் நுனியால் உதிர்த்துவிடுங்கள். பட்டாணி அளவுக் கட்டிகள் அங்கங்கே கண்ணுக்குத் தெரிய வேண்டும். தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளித்து, கையில் பிடித்தால் பிடிபடும் பதத்தில் நிறுத்துங்கள். பரோட்டா மாவை அடித்துப் பிசைவது இழுவைக்காக. இங்கே இழுவை வரவே கூடாது. வந்தால் மாவு தோல் மாதிரி ஆகிவிடும். அந்த வெண்ணெய்க் கட்டிகள் சூட்டில் உருகி, அதில் உள்ள ஈரம் ஆவியாகும்போதுதான் மாவு அடுக்கடுக்காகப் பிரிந்து மொறுமொறுப்பாகும். கை சூட்டில் முன்கூட்டியே உருகிவிட்டால் அடுக்கு கிடைக்காது. சமவெளியில் மே மாதத்தில் இது பெரிய பாடு. மலையில் இருப்பவர்களுக்குக் காலை நேரக் குளிரே பாதி வேலையைச் செய்துவிடும்.

மாவை இரண்டாகப் பிரித்து (அடிக்கு உள்ளது சற்றுப் பெரிதாக இருக்கட்டும்) தட்டி, மூடி, ஒரு மணி நேரம் குளிர்ச்சியான இடத்தில் வையுங்கள்.

பழமும் சாறும்

ஒன்றேகால் கிலோ பழம் எடுத்தால் தோலும் கொட்டையும் போக ஏறக்குறைய ஒரு கிலோ நிற்கும். அடிப்பக்கத்தில் கத்தியால் பெருக்கல் குறி போட்டு, கொதிநீரில் அரை நிமிடம் முதல் ஒரு நிமிடம் முக்கி, உடனே குளிர்ந்த நீரில் போட்டால் தோல் கையோடு வந்துவிடும். வரவில்லை என்றால் பழம் இன்னும் கனியவில்லை. இரண்டு நாள் அறையில் வையுங்கள். சில ரகங்களில் கொட்டை தனியே கழன்றுவிடும். சிலவற்றில் சதையோடு ஒட்டியிருக்கும், அவற்றைச் சுற்றிலும் சீவி எடுக்க வேண்டியதுதான். கொட்டையை உடைத்தால் உள்ளே வாதுமை மாதிரி பருப்பு இருக்கும். பிள்ளைகளைத் தின்னவிடாதீர்கள். அதில் உள்ள ஒரு பொருள் வயிற்றுக்குள் போய் சயனைடு விஷத்தை உண்டாக்கும்.

துண்டுகளில் 150 கிராம் சர்க்கரை, ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறு, துளி உப்பு கலந்து முக்கால் மணி நேரம் விடுங்கள். பழம் மிகவும் இனிப்பாக இருந்தால் சர்க்கரையை 120 கிராமாகக் குறைக்கலாம். நின்ற சாற்றை வடித்து, கனமான பாத்திரத்தில் பாதியாகச் சுண்டும்வரை கொதிக்கவிட்டு, ஆறவிடுங்கள். பழத்துண்டில் 35 கிராம் கார்ன்ஃப்ளாரைப் பிசறி, சுண்டிய சாற்றை ஊற்றிக் கலக்குங்கள். வாசனைக்குப் பட்டைத்தூள் கால் ஸ்பூன் போதும். ஏலக்காய் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை, பீச் வாசனையை அது அமுக்கிவிடுகிறது.

சுடுவது

அடி மாவைத் தேய்த்துத் தட்டில் விரித்து, பழத்தை நிரப்பி, மேல் மாவால் மூடி, ஓரத்தை அழுத்தி ஒட்டுங்கள். மேலே கத்தியால் ஐந்தாறு கீறல் கட்டாயம். பெரியவர் சொன்ன வழி இதுதான். ஓவனை முன்கூட்டியே 220 டிகிரிக்குச் சூடேற்றி, தட்டை அடித்தட்டில் வைத்து 20 நிமிடம், பிறகு 190 டிகிரிக்குக் குறைத்து 40 நிமிடம். அடியில் சூடு முதலில் ஏற வேண்டும் என்பதற்காகத்தான் அடித்தட்டு.

சகோதரி கவனிக்க வேண்டிய இன்னொன்று: மேல் மாவு சிவந்ததைப் பார்த்து இறக்கக் கூடாது. கீறலில் குமிழியிடும் சாறு தண்ணீராக இல்லாமல் பாகு மாதிரி ‘பொளக் பொளக்’ என்று வர வேண்டும். மலையில் தண்ணீர் நூறு டிகிரிக்கு முன்பே கொதித்துவிடும். ஊட்டி உயரத்தில் 93 டிகிரிக்குள். அதனால் குமிழி வந்த பிறகும் பத்து நிமிடம் கூடுதலாக விடுங்கள். மேலே கருகுவதுபோல் தெரிந்தால் அலுமினியத் தாளால் மூடலாம். இறக்கிய பிறகு மூன்று மணி நேரமாவது ஆறவேண்டும். சூட்டோடு வெட்டினால், சரியாகச் செய்த பையும் சாறு விட்டு ஓடும். பிள்ளைகள் நச்சரிக்கும், அதற்கு என்னிடம் மருந்து இல்லை.

ஓவன் இல்லையா? பழைய கனமான குண்டானில் மணல் பரப்பி மூடிச் சுடுவதைச் சிலர் செய்கிறார்கள். அடி வேகும், மேலே சிவக்காது. அதைவிடத் தீபாவளிச் சோமாசி வழி நல்லது. அமெரிக்கத் தென் மாநிலங்களிலேயே பீச்சை வைத்து அரை வட்டமாக மடித்துப் பொரிக்கிற பை உண்டு. இதற்குப் பழத்தை முன்பே அடுப்பில் அல்வா பதத்துக்குக் கிளறி, ஆறவைத்துத்தான் வைக்க வேண்டும். மாவில் வெண்ணெயைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளுங்கள். சோமாசி அச்சே போதும்.

விற்கலாமா?

விற்கலாம், கணக்குப் போட்டுவிட்டு. ஒரு பைக்கு வெண்ணெய் மட்டுமே நூறு ரூபாயைத் தாண்டும். மைதா, சர்க்கரை, கேஸ் அல்லது கரண்ட், பெட்டி எல்லாம் எழுதுங்கள். கழித்த பழம்தானே என்று அதற்குப் பூஜ்யம் போடாதீர்கள்; வாசலில் கூறு வைத்தால் என்ன கிடைக்குமோ அதைப் போடுங்கள். உங்கள் இரண்டு மணி நேர உழைப்பையும் போடுங்கள். நம் வீட்டுப் பெண்கள் தங்கள் கூலியை விட்டுவிட்டுத்தான் லாபம் பார்க்கிறார்கள். ஒரு பையை எட்டுத் துண்டாக்கி, துண்டு விலை பேசுங்கள். வீட்டில் செய்து விற்பவர்களும் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்துகொள்ள வேண்டும். செய்த அன்றே கொடுத்துவிடுவது நல்லது, மிஞ்சினால் ஃபிரிட்ஜில் இரண்டு நாள். பழம் ஒரே வாரத்தில் குவிந்தால், துண்டுகளைச் சர்க்கரையும் எலுமிச்சைச் சாறும் கலந்து ஃப்ரீசரில் வைத்து, சீசன் முடிந்த பிறகும் பை போடலாம். ஹோம் ஸ்டேக்காரர்களிடம் பேசும்போது இதைச் சொல்லுங்கள்.

மரத்தை வெட்டலாமா?

14 மரத்துப் பழம் முழுவதையும் பை தின்று தீர்க்காது. அதைச் சொல்லாமல் விட்டால் நான் உங்களை ஏமாற்றியவனாவேன். வெட்டும் முன் ஒரே ஒரு சீசன் இப்படிச் செய்து பாருங்கள். பீச், போன வருடம் விட்ட புதுக்கிளையில்தான் காய்க்கும். கவாத்து செய்யாத மரத்தில் காய் எல்லாம் எட்டாத உச்சிக்குப் போய்விடும். கோல் போட்டுத் தட்டுவீர்கள், விழுந்து அடிபடும், வியாபாரி கழிப்பார். டிசம்பர், ஜனவரியில் இலை உதிர்ந்து மரம் உறக்கத்தில் இருக்கும்போது, நடுவைத் திறந்துவிட்டு, கை எட்டும் உயரத்துக்கு அடக்குங்கள். பிஞ்சு கோலிக்குண்டு அளவில் இருக்கும்போது ஒரு சாண் இடைவெளிக்கு ஒன்று விட்டு, மற்றதைக் கிள்ளுங்கள். காய் பருக்கும்போதே மீத்தைல் யூஜினால் பொறியைத் தொங்கவிடுங்கள். தோலின் பச்சை மாறி மஞ்சள் தட்டும்போது, கெட்டியாக இருக்கையிலேயே கையால் பறித்தால் வியாபாரிக்குப் பிடிக்கும். பீச், பறித்த பிறகும் கனியும்.

வெட்டுவதா வேண்டாமா என்பதை அடுத்த ஆனி மாதம் கூடையை எண்ணிப் பார்த்து நீங்களும் வீட்டுக்காரரும் முடிவு செய்யுங்கள். கழிவு எத்தனை கிலோ என்று இந்த வருடமே ஒரு நோட்டில் எழுதி வைத்தால்தான் அப்போது ஒப்பிட முடியும். பையின் அடி சரியாக வந்ததா என்பதையும் எழுதுங்கள்.