வீட்டுக் கடனின் உண்மை விலை

திருத்தணி முருகன் கோயிலுக்கு மலையேறும் படிகள் 365. அவை ஆண்டின் நாள்களைக் குறிக்கின்றன என்பது வழக்கு. ஆண்டுதோறும் டிசம்பர் 31-ஆம் நாள் நடைபெறும் படித் திருவிழாவில், படிதோறும் பூசை செய்து, திருப்புகழ் பாடிக்கொண்டே அன்பர்கள் மலையேறுவார்கள். படிகளுக்கு ஒரு நல்ல குணம் உண்டு. பாதிப் படிகள் ஏறியவர் ஏறக்குறையப் பாதி உயரத்தை எட்டியிருப்பார்.

20 ஆண்டு வீட்டுக் கடனுக்கு 240 மாதத் தவணைகள். நம்மில் பலர் இதனையும் 240 படிகள் கொண்ட ஏற்றமாகவே எண்ணுகிறோம். 120 தவணைகள் கட்டி முடித்தால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று நம்புகிறோம். இந்த நம்பிக்கை சரிதானா?

திருத்தணி போன்ற ஊர்களில் இது வெறும் கணக்குப் பாடமன்று. இங்கிருந்து நாள்தோறும் மின்தொடர் வண்டியில் சென்னைக்குச் சென்று வேலை பார்த்து வருவோர் பலர். ஊரில் ஒரு மனை வாங்கி வீடு கட்ட வேண்டும் என்பது அவர்களது வாழ்நாள் விருப்பம். வங்கியின் வாயிலில் அவர்கள் பெரும்பாலும் கேட்பது ஒரே கேள்விதான்: "மாதம் டியூ எவ்வளவு வரும்?" அந்த ஒரு கேள்வி போதாது. ஏன் போதாது என்பதைப் பார்ப்போம்.

முதல் தவணை எங்கே போகிறது?

ஒருவர் 20 லட்சம் ரூபாயை ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டியில், 20 ஆண்டுத் தவணையில் கடனாகப் பெறுகிறார் என்று கொள்வோம். மாதத் தவணை ரூ. 17,995. இனி முதல் மாதத்தைக் கவனியுங்கள். மாத வட்டி வீதம் 9-இல் பன்னிரண்டில் ஒரு பங்கு, அதாவது 0.75 விழுக்காடு. 20 லட்சத்துக்கு அது ரூ. 15,000. கட்டிய தொகையில் 15,000 ரூபாய் வட்டிக்கே போய்விட, அசலில் கழிவது வெறும் ரூ. 2,995!

அடுத்த மாதம் அசல் சிறிது குறைந்திருப்பதால் வட்டியும் சிறிது குறையும். அசலுக்குச் செல்லும் பங்கு சற்றே கூடும். இவ்வாறு மெல்ல மெல்லக் கூடிக்கொண்டே சென்று, 149-ஆவது தவணையில்தான் அசலின் பங்கு வட்டியின் பங்கை முதன்முதலாக மிஞ்சுகிறது. 120 தவணைகள் முடிந்த நிலையில் அவர் கட்டியிருப்பது ஏறத்தாழ 21 லட்சத்து 59 ஆயிரம் ரூபாய். வாங்கிய கடனைவிட இது அதிகம். ஆனால் அவர் இன்னும் தர வேண்டியது 14 லட்சத்து 20 ஆயிரம். கடன் பாதியாகக் குறைவது 168-ஆவது தவணையில், அதாவது 14-ஆம் ஆண்டின் முடிவில்தான். 240 தவணைகளும் முடியும்போது அவர் கட்டியிருக்கும் மொத்தத் தொகை ஏறத்தாழ 43 லட்சத்து 19 ஆயிரம்.

வங்கி ஏமாற்றிவிட்டதா? இல்லை. நிலுவையில் உள்ள தொகைக்கு மட்டுமே வட்டி போடப்பட்டுள்ளது. கணக்கில் எந்தச் சூதும் இல்லை. கடன் குறைவது படியேறுவதைப் போன்றதன்று, அவ்வளவே. அப்படியானால் அது எதனைப் போன்றது?

மலையுச்சியில் ஒரு பந்து

இயற்பியலில் 'உறுதியற்ற சமநிலை' என்று ஒன்றைப் படித்திருப்பீர்கள். வழவழப்பான ஒரு குன்றின் சரியான உச்சியில் பந்து ஒன்றை வைத்தால் அது அசையாமல் நிற்கும். உச்சியிலிருந்து சிறிது விலக்கி வைத்தால் உருளத் தொடங்கும். முதலில் மிக மெதுவாக நகரும். விலகிய தொலைவு கூடக் கூட அதனை மேலும் விலக்கும் விசையும் கூடுவதால், வரவர விரைந்து உருளும்.

வீட்டுக் கடனும் இப்படித்தான் நடக்கிறது. எளிமைக்காகத் தவணையை ரூ. 18,000 என்று வைத்துக்கொள்வோம். மாதம் 0.75 விழுக்காடு வட்டி வீதத்தில், எவ்வளவு கடனுக்கு மாத வட்டி சரியாக ரூ. 18,000 ஆகும்? 24 லட்சத்துக்கு. உங்கள் கடன் 24 லட்சமாக இருந்தால், கட்டும் தவணை முழுவதும் வட்டிக்கே சென்றுவிடும். ஆயுள் முழுவதும் கட்டினாலும் கடன் 24 லட்சமாகவே நிற்கும். இதனைச் 'சமநிலைத் தொகை' என்று அழைப்போம். பந்து நிற்கும் உச்சி இதுதான்.

நம் நண்பரின் கடன் 20 லட்சம். உச்சியிலிருந்து அவர் 4 லட்சம் விலகி நிற்கிறார். இந்த இடைவெளிதான் மாதந்தோறும் 0.75 விழுக்காடு வீதம் கூட்டு வட்டி முறையில் வளர்கிறது. இவ்வீதத்தில் ஒரு தொகை 20 ஆண்டுகளில் சற்றேறக்குறைய 6 மடங்காகும். 4 லட்சத்தின் 6 மடங்கு 24 லட்சம். இடைவெளி 24 லட்சமானால் கடன் சுழி! 10 ஆண்டுகளில் வளர்ச்சி, 6-இன் வர்க்கமூலமாகிய 2.45 மடங்கு மட்டுமே. இடைவெளி 9.8 லட்சமாகிறது, கடன் 14.2 லட்சமாக நிற்கிறது. மேலே கண்ட விடையும் இதுவே அல்லவா? 20 ஆண்டுக் கணக்கு முழுவதும் ஒரே பெருக்கலில் அடங்கிவிட்டது.

உச்சியிலேயே நிற்கும் கடனுக்கு நம் ஊர்களில் பழைய சான்று ஒன்று உண்டு. அதுதான் ஒத்தி அல்லது போக்கியம். பணம் கொடுத்தவர் வீட்டில் குடியிருப்பார், வாடகை தரமாட்டார். பணம் வாங்கியவர் வட்டி தரமாட்டார். வாடகையும் வட்டியும் நேருக்கு நேர் கழிந்துவிடும். எத்தனை ஆண்டுகள் சென்றாலும், வீட்டை மீட்க முழு அசலையும் திருப்பித் தந்தாக வேண்டும். போக்கியத்தில் இது எல்லோருக்கும் வெளிப்படையாகத் தெரிகிறது. வங்கிக் கடனின் முதல் சில ஆண்டுகளும் ஏறக்குறைய இதே நிலைதான் என்பது நம் கண்ணில் படுவதில்லை.

தவணைக் காலம் நீண்டால்

தவணையைக் குறைக்க வேண்டுமென்று காலத்தை நீட்டும்போது என்ன நிகழ்கிறது? அதே 20 லட்சம், அதே 9 விழுக்காடு:

10 ஆண்டுகள்: தவணை ரூ. 25,335, மொத்த வட்டி சுமார் ரூ. 10.4 லட்சம்.
15 ஆண்டுகள்: தவணை ரூ. 20,285; மொத்த வட்டி சுமார் ரூ. 16.5 லட்சம்.
20 ஆண்டுகள்: தவணை ரூ. 17,995, மொத்த வட்டி சுமார் ரூ. 23.2 லட்சம்.
30 ஆண்டுகள்: தவணை ரூ. 16,092, மொத்த வட்டி சுமார் ரூ. 37.9 லட்சம்.

கடைசி இரண்டு வரிகளை ஒப்பிடுங்கள். மாதம் 1,903 ரூபாய் குறைவதற்காக 10 ஆண்டுகள் கூடுதலாகக் கட்டுகிறோம். வட்டி ஏறத்தாழ 14 லட்சத்து 75 ஆயிரம் கூடுகிறது. காரணம் இப்போது உங்களுக்கே விளங்கும். ரூ. 16,092 தவணைக்குச் சமநிலைத் தொகை 21.46 லட்சம். பந்து உச்சியிலிருந்து 1.46 லட்சம் மட்டுமே விலகி நிற்கிறது. அது வேகம் பிடிக்கவே பல்லாண்டுகள் ஆகும். இதில் வயதும் ஒரு கணக்கு. தமிழ்நாடு அரசுப் பணியில் ஓய்வு வயது 60. 35 வயதில் 30 ஆண்டுக் கடன் வாங்குபவர், ஓய்வு பெற்ற பின்னும் 5 ஆண்டுகள் தவணை கட்ட வேண்டியிருக்கும்.

உச்சியே நகர்ந்து வந்தால்

இதுவரை வட்டி வீதம் மாறாது என்று கொண்டோம். நடைமுறையில் பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டிக் கடன்களே. 2019 அக்டோபர் முதல், வங்கிகள் புதிதாகத் தரும் இத்தகைய கடன்களை ஒரு வெளி அளவுகோலுடன் இணைக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பெரும்பாலும் அது ரெப்போ வீதமாக இருக்கும். வணிக வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலக் கடன் தரும் வீதமே ரெப்போ. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்த இந்த வீதம், 2023 பிப்ரவரிக்குள் 6.5 விழுக்காடாக உயர்ந்தது.

இதன் விளைவை ஒரு சான்றால் அறியலாம். 20 லட்சம் கடன், 7 விழுக்காடு வட்டி, 20 ஆண்டுகள். தவணை ரூ. 15,506. ஓராண்டுக்குப் பின் நிலுவை ரூ. 19,52,421. அப்போது வட்டி 9.5 விழுக்காடாக உயர்கிறது; தவணை மட்டும் மாறவில்லை என்று கொள்வோம். புதிய மாத வட்டி ரூ. 15,457. அசலில் கழிவது மாதம் ஏறத்தாழ 49 ரூபாய்! இந்த வேகத்தில் தொடங்கினால் கடன் தீர இன்னும் 60 ஆண்டுகள் ஆகும். கடன்காரர் ஓர் அடியும் நகரவில்லை. சமநிலைத் தொகைதான் 26.6 லட்சத்திலிருந்து 19.6 லட்சமாக இறங்கி, அவர் காலடிக்கே வந்துவிட்டது. மீதமுள்ள 19 ஆண்டுகளிலேயே கடனை முடிக்க வேண்டுமானால், தவணையை ரூ. 18,525 ஆக உயர்த்த வேண்டும்.

வட்டி உயரும்போது கடன்காரருக்குத் தெரியாமலே தவணைக் காலம் நீட்டப்படுகிறது என்ற குறை பரவலாக எழுந்தது. 2023 ஆகஸ்டு 18 அன்று ரிசர்வ் வங்கி ஓர் ஆணை வெளியிட்டது. அதன்படி, வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன்காரருக்கு அளிக்க வேண்டும். தவணை, வட்டிக்கே போதாத நிலையும் ஏற்படக் கூடாது. ஆனால் தேர்ந்தெடுக்க வேண்டியவர் நீங்கள். வங்கியிலிருந்து வரும் தகவலைப் படிக்காமல் விட்டால் இந்த உரிமையால் பயனில்லை.

ரூபாயும் தேய்கிறது

நேர்மையாகப் பேசினால், 43 லட்சம் என்பதும் முழு உண்மையன்று. 20 ஆண்டுகள் கழித்துக் கட்டும் ரூபாய், இன்றைய ரூபாயன்று. விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு உயர்வதாகக் கொண்டால், அன்றைய ஒரு ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 38 காசு மட்டுமே. ஒவ்வொரு தவணையையும் இவ்வாறு இன்றைய மதிப்புக்கு மாற்றிக் கூட்டினால், 20 ஆண்டுக் கடனுக்கு நாம் தருவது ஏறத்தாழ 27.5 லட்சம். 10 ஆண்டுக் கடனுக்கு 24 லட்சம். 30 ஆண்டுக் கடனுக்கு 30.4 லட்சம். அச்சம் குறைகிறது, வரிசை மாறவில்லை. காலம் நீளும்போது விலையும் ஏறத்தான் செய்கிறது. மறுபுறம், சொந்த வீட்டில் குடியேறினால் வாடகை மிச்சமாகும் என்பதையும் கணக்கில் சேர்க்க வேண்டும். எனவே கடன் வாங்குவதே தவறு என்பது இதன் பொருளன்று. விலை தெரிந்து வாங்க வேண்டும் என்பதே பொருள்.

என்ன செய்யலாம்?

இடைவெளியைத் தொடக்கத்திலேயே அகலப்படுத்துவதுதான் வழி. நம் முதல் சான்றில், ஓராண்டு முடிவில் ஒரு லட்சம் ரூபாயைக் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், 27 தவணைகளுக்கு மேல் குறைகின்றன. அந்த ஒரு லட்சம் போக, மிச்சம் சுமார் 3 லட்சத்து 96 ஆயிரம். அதே ஒரு லட்சத்தை 15-ஆம் ஆண்டின் முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 52 ஆயிரம் மட்டுமே. பெருந்தொகை கையில் இல்லாதவர்கள் முதல் மாதத்திலிருந்தே மாதம் ஆயிரம் ரூபாய் கூட்டிக் கட்டினாலும், 31 மாதங்களும் ஏறத்தாழ மூன்றரை லட்சம் ரூபாயும் மிச்சமாகும். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைப்பவர்களிடம் வங்கிகள் அபராதக் கட்டணம் வாங்கக் கூடாது என்று 2012-இலேயே ரிசர்வ் வங்கி ஆணையிட்டுள்ளது. ஆனால் கூடுதல் பணம் கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுப்பது நல்லது.

கையெழுத்திடும் முன் இன்னொன்றும் கேளுங்கள். 2024 அக்டோபர் முதல், தனிநபர்களுக்குத் தரும் புதிய கடன் எதற்கும் முக்கிய விவர அறிக்கை தரப்பட வேண்டும். வட்டியுடன் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு வீதம் அதில் இருக்கும். இரு வங்கிகளை ஒப்பிட அதுவே சரியான எண்.

மாணவர்களே, உங்கள் வீட்டில் கடன் இருந்தால் அப்பாவிடமோ அம்மாவிடமோ மூன்று எண்களைக் கேட்டு வாங்குங்கள்: மாதத் தவணை, ஆண்டு வட்டி வீதம், இன்றைய நிலுவை. வட்டி வீதத்தை 1,200-ஆல் வகுத்து, கிடைக்கும் எண்ணால் தவணையை வகுத்தால் சமநிலைத் தொகை வந்துவிடும். அதிலிருந்து நிலுவையைக் கழியுங்கள். எல்லைக்கு அப்பால் 'அப்பு' என்றாலும் இப்பால் 'கடன்' என்றாலும் கணக்கு ஒன்றே. கழித்து வரும் எண் மிகச் சிறியதாக இருந்தால், அன்றைக்கே வீட்டில் உட்கார்ந்து பேச வேண்டிய செய்தி அது.