ஆக்ஸலாட்டலின் புன்னகை

சில ஆண்டுகளாக நம் வீட்டுக் குழந்தைகளின் நாவில் ஒரு விநோதப் பிராணியின் பெயர் அடிபடுகிறது. 2021-ஆம் ஆண்டில் 'மைன்கிராஃப்ட்' என்னும் கணினி விளையாட்டில் அது இடம்பெற்றது. அன்று முதல் துணிப்பொம்மையாகவும், பென்ஸில் பெட்டியின் மேல் சித்திரமாகவும் அது ஊரூராய் உலவி வருகிறது. ஆக்ஸலாட்டல் என்பது அதன் பெயர். இளஞ்சிவப்பு மேனி, தலையின் இரு மருங்கிலும் இறகுக் கொத்துப் போல மும்மூன்று செவுள்கள், இமையில்லாத சிறு கண்கள், முகம் முழுவதும் விரிந்த ஒரு புன்னகை. பொம்மையைக் கண்ட குழந்தை உயிருள்ளதையும் விரும்புவது இயல்புதானே? "அப்பா, எனக்கு ஒன்று வாங்கித் தாருங்கள்" என்ற விண்ணப்பம் சில வீடுகளில் வந்தே விட்டது. அந்த விண்ணப்பத்தைப் பரிசீலிக்க வேண்டிய பெற்றோருக்கு, இப்பிராணியின் சுபாவத்தைப் பற்றி நாம் அறிந்ததைச் சொல்ல விரும்புகிறோம்.

முதலில் அந்தப் புன்னகை. உண்மையில் அது புன்னகையே அன்று. வாயின் பிளவு அவ்வாறு அமைந்திருக்கிறது, அவ்வளவுதான். வயிறு நிறைந்தபோதும், பசித்தபோதும், நோயுற்றபோதும், உயிர் போகும் தறுவாயிலும் அம்முகம் மாறுவதில்லை. நாய்க்கு வலித்தால் முனகும், பூனை சீறும், கிளி கூச்சலிட்டு வீட்டைக் கூட்டும். ஆக்ஸலாட்டலோ நம்மைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே செத்துப் போகும். இதை வளர்க்கத் துணிபவர் முகத்தை மறந்து செவுளையும் வாலையும் பார்க்கக் கற்றுக்கொள்ள வேண்டும். செவுள்கள் முன்புறமாகச் சுருண்டு நின்றாலும், வால் நுனி கொக்கி போல வளைந்தாலும் அது வேதனைப்படுகிறது என்பது பொருள். பெரும்பாலும் தண்ணீரின் வேகமோ, அழுக்கோ, உஷ்ணமோ அதற்குக் காரணமாக இருக்கும்.

இது மீன் அன்று. தவளைக்கு உறவான ஸாலமாண்டர் வகையைச் சேர்ந்தது. தலைப்பிரட்டை வாலையும் செவுளையும் இழந்து தவளையாகிக் கரையேறுவதை நாம் எல்லோரும் கண்டிருக்கிறோம். தலைப்பிரட்டை ஒன்று கரையேற மறுத்து, செவுளோடும் வாலோடும் தண்ணீரிலேயே வளர்ந்து பெரிதாகி, அந்த நிலையிலேயே குஞ்சும் பொரித்தால் எப்படி இருக்கும்? ஆக்ஸலாட்டலின் வாழ்க்கை அத்தகையது. ஏறத்தாழ ஒன்பது அல்லது பத்து அங்குலம் வளர்ந்து, நல்ல பராமரிப்பில் பத்துப் பதினைந்து ஆண்டுகள் வாழ்ந்தாலும், பால்யம் அதை விட்டு நீங்குவதில்லை. தைராய்டுச் சுரப்பின் குறைவே இதற்குக் காரணம் என்று விஞ்ஞானிகள் கண்டனர். 1920-இல் ஜூலியன் ஹக்ஸ்லி என்னும் ஆங்கிலேய விஞ்ஞானி ஆக்ஸலாட்டல்களுக்கு மாட்டின் தைராய்டுச் சுரப்பியை உணவாக ஊட்ட, அவை செவுள் உதிர்ந்து தரைவாழ் ஸாலமாண்டர்களாயின. விளையாட்டாகச் செய்து பார்க்கத் தக்க காரியம் அன்று இது; அவ்வாறு உருமாறிய பிராணியின் ஆயுள் குறுகிவிடும்.

இதன் தாயகம் மெக்ஸிகோ தேசம். அதிலும் தலைநகரை ஒட்டியுள்ள ஸோச்சிமில்கோ, சால்கோ ஏரிகள் மட்டுமே. ஆஸ்டெக் மக்களின் புராணத்தில் ஷோலோட்ல் என்றொரு தேவன் உண்டு. சூரியன் வானில் நகரும்பொருட்டுத் தேவர்கள் எல்லோரும் தம்மைப் பலியிட்டபோது, இவன் மட்டும் அஞ்சி அழுது ஓடினானாம். முதலில் சோளப் பயிராகவும், பிறகு கற்றாழையாகவும் உருமாறி நின்று, கடைசியில் தண்ணீருக்குள் புகுந்து ஆக்ஸலாட்டலாகி ஒளிந்தான். அங்கும் பிடிபட்டான். மாமரமாய் நின்ற நம் சூரபத்மனின் நினைவு வருகிறதல்லவா? மாறி மாறி உருவெடுத்தவன் பெயரை, உருவே மாறாத ஒரு பிராணிக்கு இட்டது வேடிக்கைதான்.

பிறகு வந்தவர்கள் தேவர்கள் அல்லர்; பிரெஞ்சுச் சிப்பாய்கள். மூன்றாம் நெப்போலியனின் படை மெக்ஸிகோவை ஆக்கிரமித்திருந்த 1864-ஆம் ஆண்டில், முப்பத்து நான்கு ஆக்ஸலாட்டல்கள் உயிரோடு பாரிஸ் நகருக்குக் கொண்டுபோகப்பட்டன. அவற்றில் ஒன்று வெள்ளை நிறம். ஆறு பிராணிகள் ஓகுஸ்த் துமெரில் என்னும் விஞ்ஞானியிடம் சேர, 1865-இல் அவை முட்டையிட்டுப் பெருகின. ஐரோப்பாவின் பரிசோதனைச் சாலைகளுக்கும், அங்கிருந்து அமெரிக்காவுக்கும், பின்னர் வீட்டுத் தொட்டிகளுக்கும் சென்றவை பெரும்பாலும் அந்தச் சிறு கூட்டத்தின் சந்ததியே. அந்நியன் ஒரு நாட்டிலிருந்து எடுத்துச் செல்பவற்றில் பொன்னும் மணியும் மட்டுமே கணக்கில் எழுதப்படுகின்றன. வாளித் தண்ணீரில் போனவை எந்தக் கணக்கிலும் வருவதில்லை. மெக்ஸிகோ அந்தப் படையை 1867-இல் விரட்டியது. பிராணிகள் திரும்பவில்லை.

நிற்க. வீட்டுத் தொட்டியில் இது எவ்விதம் நடந்துகொள்கிறது?

பகற்பொழுதின் பெரும்பகுதியைச் சும்மா கிடந்தே கழிக்கும். இமை இல்லாததால் வெளிச்சம் அதற்கு ஆகாது. ஒளிந்துகொள்ள ஒரு மண்சட்டித் துண்டோ குழாயோ இருந்தால் அதற்குள் புகுந்துவிடும். அந்தி சாய்ந்தபின் நான்கு கால்களாலும் அடித்தரையில் நிதானமாக நடைபோடும். சில சமயம் விருட்டென்று மேலே எழும்பி ஒரு வாய்க் காற்றை விழுங்கித் திரும்பும். புதிதாய்ப் பார்ப்பவர் இதைக் கண்டு திடுக்கிடுவதுண்டு. அது அதன் வழக்கம். இதைச் சாது என்று சொல்வது பாதிதான் உண்மை. அசையாமல் கிடப்பது வேட்டைக்காரனின் பொறுமை. மண்புழு ஒன்று முகத்தருகே நெளியட்டும். வாயை மின்னல் போலத் திறந்து தண்ணீரோடு சேர்த்து உறிஞ்சிவிடும். கண்பார்வை மந்தம், மோப்பத்தையும் நீரின் அசைவையும் கொண்டே இரையை அறிகிறது. அருகில் அசைவது புழுவா, விரலா, தன் உடன்பிறப்பின் காலா என்ற விசாரம் அதற்குக் கிடையாது. விரலைக் கவ்வினால் நமக்கு வலிக்காது. பற்கள் அத்தனை சிறியவை. உடன்பிறப்பின் கதி வேறு. குஞ்சுப் பருவத்தில் ஒன்றின் காலை மற்றொன்று கடித்துத் தின்பது சர்வ சாதாரணம். இழந்த கால் சில வாரங்களில் எலும்பும் தசையும் நரம்புமாக மறுபடி முளைத்துவிடுகிறது. வால், முதுகுத்தண்டு, இருதயத்தின் ஒரு பகுதிகூட இதற்கு மீண்டும் வளரும். விஞ்ஞானிகள் இதைப் போற்றுவதற்கு இதுவே காரணம். மனிதனுடையதைப் போல் சுமார் பத்து மடங்கு பெரிதான இதன் மரபணுத் தொகுதியை 2018-இல் படித்து முடித்தார்கள்.

துணையில்லாமல் ஏங்குமோ என்று இரக்கப்படுவோர் உண்டு. ஏங்காது. அது ஒண்டிக்கட்டை. பொன்மீனைத் துணைக்கு விட்டால் ஒன்று மீன் செவுளைக் கொறிக்கும், அல்லது மீன் இரையாகும். ஆணும் பெண்ணும் சேர்ந்திருந்தால் நூற்றுக்கணக்கில் முட்டைகள் வரும். ஓய்வின்றி முட்டையிட்டுப் பெண் நலியும்.

வளர்ப்பவரை அறியுமா? தொட்டியருகே ஆள் வந்ததும் கண்ணாடியோரம் வந்து தலைதூக்கி நிற்பதைப் பலரும் கண்டிருக்கிறார்கள். ஆள் வந்தால் உணவு வரும் என்று அது கற்றுக்கொள்கிறது. இதற்கு அன்பு என்று பெயர் சூட்ட நமக்கு மனம் வரவில்லை. ஆனால் அற்பம் என்று தள்ளவும் வேண்டாம்; நம் வகுப்பறைகளிலும் மணியடிக்கும் நேரத்தைப் பிள்ளைகள் முதலில் இவ்விதந்தானே கற்கிறார்கள்! தூக்கிக் கொஞ்சுவது மட்டும் கூடவே கூடாது. எலும்பு மென்மையானது; தோலின் மேலுள்ள வழுவழுப்பே அதற்குக் கவசம். கையின் சூடும் வறட்சியும் அதைக் கெடுக்கும்.

இனி மிக முக்கியமான விஷயம், தண்ணீர். ஸோச்சிமில்கோ கடல்மட்டத்துக்கு ஏழாயிரம் அடிக்கு மேலே உள்ளது. அங்கிருந்து வந்த பிராணிக்கு 16 முதல் 18 டிகிரி ஸெல்ஷியஸ் வரையுள்ள குளிர்ந்த நீர் உகந்தது. 24 டிகிரியைத் தாண்டினால் உணவு மறுக்கும்; உடம்பில் பூஞ்சணம் படரும்; சில நாட்களில் முடிந்துவிடும். நம் சென்னையிலோ மதுரையிலோ குழாய் நீர் கோடையில் 30 டிகிரிக்கும் மேல் கொதிக்கிறது. பனிக்கட்டியை அவ்வப்போது போடுவதால் நீர் ஏறி இறங்கித் துன்பம் அதிகமாகுமே ஒழியக் குறையாது. நீரைக் குளிர்விக்கும் இயந்திரம் இரவும் பகலும் ஓட வேண்டும். மின்சாரம் நின்றால் அதற்கும் வழி வேண்டும். தொட்டியிலும் பிராணியை வாங்கிய அன்றே விடக் கூடாது. கழிவிலிருந்து பிறக்கும் அம்மோனியா என்னும் நஞ்சை மாற்றவல்ல நுண்ணுயிர்கள் வடிகட்டியில் குடியேறச் சில வாரங்கள் ஆகும். அடியில் சிறு கூழாங்கல் பரப்பினால் புழுவோடு அதையும் விழுங்கிக் குடல் அடைபட்டு மாளும். இவை தவிரச் சட்டமும் ஒன்று உண்டு. அழியும் பிராணிகளின் வர்த்தகத்தைப் பற்றிய சர்வதேச உடன்படிக்கையின் அட்டவணையில் ஆக்ஸலாட்டல் இடம்பெற்றிருக்கிறது. அத்தகைய அந்நியப் பிராணிகளை வைத்திருப்போர் பதிவு செய்துகொள்ள வேண்டுமென்று நம் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் 2022-ஆம் ஆண்டுத் திருத்தம் விதிக்கிறது. இத்தனையும் செய்ய இயலாத வீட்டில் துணிப்பொம்மையே போதும் என்பது நம் அபிப்பிராயம்.

உலகெங்கும் தொட்டிகளில் இது மலிந்து கிடக்க, பிறந்த ஏரியில் நிலைமை வேறு. சால்கோ ஏரி வற்றடிக்கப்பட்டது. ஸோச்சிமில்கோவில் எஞ்சியவை கால்வாய்களும், அவற்றினிடையே 'சினாம்பா' எனப்படும் தீவு வயல்களும். மக்களுக்கு உணவாகட்டும் என்று அங்கு விடப்பட்ட கெண்டையும் திலாப்பியாவும் முட்டைகளைத் தின்றன. நகரத்தின் சாக்கடை நீரும் கலந்தது. 1998-இல் சதுர கிலோமீட்டருக்குச் சுமார் 6,000 இருந்த ஆக்ஸலாட்டல் 2014-இல் 36 ஆகக் குறைந்தது. 2021-இல் மெக்ஸிகோ அரசாங்கம் தன் 50 பெஸோ நோட்டில் இதன் உருவத்தை அச்சிட்டது. ஏரியில் காண்பதற்கரிய பிராணியை ஜனங்கள் சட்டைப்பையில் வைத்திருக்கிறார்கள்!

ஆயினும் அந்நாட்டார் கைகட்டி நிற்கவில்லை. மெக்ஸிகோ தேசிய சுயாதீனப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த லூயிஸ் ஸம்பிரானோவும் அவர் கூட்டாளிகளும் சினாம்பா விவசாயிகளோடு சேர்ந்து, மீன்கள் புகாதபடி கால்வாய்களுக்குத் தடுப்பிட்டு அடைக்கலம் அமைத்து வருகிறார்கள். தொட்டியில் பிறந்து, புழுவைக் கையிலிருந்தே வாங்கித் தின்ற பிராணிக்கு வேட்டை நினைவிருக்குமா என்ற ஐயம் அவர்களுக்கும் இருந்தது. அதைச் சோதிக்க, வளர்ப்பில் பிறந்த பதினெட்டு ஆக்ஸலாட்டல்களின் உடலில் சிறு ரேடியோக் கருவி பொருத்திப் பாதுகாக்கப்பட்ட நீர்நிலைகளில் விட்டுப் பின்தொடர்ந்தார்கள். அதன் முடிவை 2025-இல் வெளியிட்டார்கள். கண்காணித்த நாட்களில் அவை பிழைத்திருந்தன. மீண்டும் பிடித்து நிறுத்துப் பார்த்தவை எடை கூடியிருந்தன. பின்னர் இரண்டை வெண்கொக்குகள் கொத்திப் போயின.